மாங்காய் மண்டி சீட்டாட்டம்: மூன்று மாதத்தில் எதுவரை வந்திருக்கிறது

மூன்று மாதமாக ராத்திரி ஒன்பது மணிக்கு மேல் நான் ஒரு மண்டி நடத்துகிறேன். காகிதத்தில்தான். ஊர் காவேரிப்பட்டணம். மே, ஜூன் வந்தால் கிருஷ்ணகிரி ரோடு முழுக்க மாங்காய் லோடு. அதையே நாலு பேர் விளையாடும் சிரிப்புச் சீட்டாட்டமாகச் செய்யலாம் என்று கிளம்பினேன். எனக்குப் படம் வரையத் தெரியாது, நிரல் எழுதவும் தெரியாது. இரண்டுக்கும் ஏஐ இருக்கிறதே என்ற தைரியம்.

ஆளுக்கு ஒரு மண்டி. கைக்கு வரும் கூடையை மூன்று சுற்றுக்குள் விற்கவேண்டும், இல்லாவிட்டால் அழுகிவிடும். மல்கோவாவும் செந்தூராவும் நல்ல விலைக்குப் போகும், ஆனால் வாங்க ஆள் அமையவேண்டும். பெங்களூராவை எப்போது வேண்டுமானாலும் கூழ் ஆலைக்குத் தள்ளிவிடலாம், காசுதான் கம்மி.

முதல் வாரம் வீண். சீட்டுகளில் போட நகைச்சுவை வரிகள் கேட்டேன். ஏஐ ஒரே மூச்சில் நூறு கொடுத்தது, எல்லாம் மாமியாரும் மாம்பழமும் ரகம். எதற்குச் சிரிக்கவேண்டும் என்ற விளக்கம் வேறு. எரிச்சலில் நானே உட்கார்ந்து எழுதினேன். சித்தப்பா வீட்டுத் திண்ணையில் முதல் ஆட்டம் போட்டபோது நல்ல சிரிப்பு. இரண்டாவது ஆட்டத்தில் புன்னகை. மூன்றாவதில் ஒருத்தரும் அந்த வரிகளைப் படிக்கவே இல்லை, கூடைக் கணக்கை மட்டும் பார்த்தார்கள். ஏஐ எழுதியிருந்தாலும் இதே கதிதான்.

ஒரே ஒரு சீட்டு மட்டும் மூன்று ஆட்டத்திலும் சிரிக்கவைத்தது. பெயர் ‘மாப்பிள்ளை வந்தாச்சு’. அதைப் போட்டவர் அடுத்த சுற்றுவரை மாப்பிள்ளை. அவரிடம் எல்லாரும் ‘வாங்க, போங்க’ என்றுதான் பேசவேண்டும், மறந்தால் ஒரு கூடை அபராதம். அக்கா மகன் அதைப் போட்டான். சித்தப்பா “டேய், இது என்னடா” என்று ஆரம்பித்து ஒரு கூடை கொடுத்தார். கொடுக்கும்போதே “இந்தா எடுத்துக்கோ” என்று சொல்லி இன்னொன்றும் கொடுத்தார். அந்தச் சீட்டில் நகைச்சுவை வரி எதுவுமே கிடையாது. அன்று ராத்திரியே மற்ற சீட்டுகளின் வரிகளை அழித்துவிட்டு, ஆளை ஏதாவது செய்யவைக்கிற விதிகளாக மாற்ற ஆரம்பித்தேன்.

அப்படி வந்ததுதான் ‘தோள் துண்டு’ என்ற சீட்டு. போச்சம்பள்ளிச் சந்தைக்கு அப்பாவோடு போனபோது பார்த்திருக்கிறேன். தரகர் கைமேல் துண்டைப் போட்டுக்கொண்டு, அடியில் விரலைப் பிடித்து மாட்டுக்கு விலை பேசுவார். பக்கத்தில் நிற்பவனுக்கும் விலை தெரியாது. ஆட்டத்திலும் அப்படியே: இரண்டு பேர் துண்டுக்கு அடியில் பேரம் பேசவேண்டும், வாய் திறக்கக்கூடாது. எத்தனை கூடைக்கு முடிந்தது என்று மற்றவர்கள் முகத்தைப் பார்த்தே கண்டுபிடிக்கவேண்டும். ஏஐயிடம் சொன்னேன். ‘ரகசியமாக எண் எழுதி வைத்தால் போதும், துண்டு தேவையில்லை’ என்றது. கணக்குப்படி சரிதான்.

கணக்கில்தான் அது நிஜமாக உதவியது. விதிகளைத் தமிழிலேயே சொன்னேன், பைத்தான் நிரலாக எழுதித் தந்தது. துண்டுப் பேரத்துக்குப் பதிலாக நாணயம் சுண்டச் சொல்லிவிட்டு ஓட்டினால், ஒரு டீ குடிப்பதற்குள் கணினியே 10,000 ஆட்டம் ஆடி முடித்தது. பெங்களூராவை மட்டும் சேர்த்து ஆலைக்குத் தள்ளுகிறவனே திரும்பத் திரும்ப ஜெயித்தான். அப்பாவிடம் சொன்னேன். “பின்ன எதுக்குடா இந்தப் பக்கம் அதையே நட்டு வெச்சிருக்காங்க?” என்றார். சரி, ஆனால் ஆட்டத்தில் அது சலிப்பு. ஒரே சுற்றில் எத்தனை பேர் ஆலைக்குப் போகிறார்களோ அத்தனை ரூபாய் விலை இறங்கும் என்று மாற்றினேன். “இதுவும் நடக்கிறதுதான்” என்றார்.

படங்கள் ஓரளவு வந்தன. ‘கிளிமூக்கு மாங்காய்’ என்று கேட்டதற்கு, நிஜக் கிளி அலகும் இரண்டு கண்ணும் வைத்த ஒரு மாங்காய் என்னை முறைத்தது. அதை அப்படியே வைத்துக்கொண்டேன். படத்துக்குள் தமிழ் எழுதச் சொன்னபோது எழுத்து மாதிரி ஏதோ வந்தது. பைத்தானில் எழுத்தை ஏற்றினால் கொம்பு இடம் மாறி நிற்கிறது. கடைசியில் ஒவ்வொரு சீட்டையும் சின்ன வலைப்பக்கமாகச் செய்து, உலாவியிலிருந்தே பிடிஎஃப் எடுத்தேன். எழுத்துரு ‘பலூ தம்பி’. இலவசம், பெயரும் ஆட்டத்துக்குப் பொருத்தம்.

சீட்டு அளவு 63 × 88 மில்லிமீட்டர். ஏ4 தாளில் ஒன்பது அடங்கும், 54 சீட்டுக்குச் சரியாக ஆறு தாள். கெட்டியான 300 ஜிஎஸ்எம் அட்டையில் அடித்து வாங்கி, வீட்டில் ஸ்கேல் வைத்து வெட்டினேன். பின்பக்கத்துக்குக் கட்டம் போட்ட அழகான பார்டர் வைத்திருந்தேன், அதுதான் வினை. அச்சில் பின்பக்கம் இரண்டு மில்லிமீட்டர் நகர்ந்து, ஒவ்வொரு தாளுக்கும் பார்டர் ஒவ்வொரு விதமாகச் சாய்ந்திருந்தது. அக்கா மகன் தொடர்ந்து ஐந்து ஆட்டம் ஜெயித்த பிறகுதான் சந்தேகமே வந்தது. எந்தச் சாய்வில் மாப்பிள்ளை இருக்கிறார் என்று மனப்பாடம் செய்துவைத்திருக்கிறான். இப்போது பார்டரை எடுத்துவிட்டு, ஓரம்வரை ஓடுகிற மாவிலைக் கோலம் போட்டிருக்கிறேன். நகர்ந்தாலும் தெரியாது.

பாக்கி இருப்பது பெட்டி. துண்டையும் உள்ளே வைத்துத்தான் கொடுக்கவேண்டும் என்கிறார் சித்தப்பா. சீட்டு உள்ளங்கை அளவுப் பெட்டியில் அடங்கிவிடும், துண்டு அடங்காது. கைக்குட்டை போதுமா என்று வரும் ஞாயிற்றுக்கிழமை திண்ணையில் பார்க்கவேண்டும்.