தண்ணீருக்கடியில் தாரிஸ்

பிரான்ஸ் நாட்டு நீச்சல் வீரர் ஜோன் தாரிஸின் பெயர், மட்டக்களப்பு வாவியிலும் கல்லடிக் கடலிலும் நீந்தி வளர்ந்தவர்களிற் பலருக்குத் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. 1932 ஆம் ஆண்டு லொஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கின் 400 மீற்றர் போட்டியில், ஒரு செக்கனின் பத்திலொரு பங்கினால் தங்கப் பதக்கத்தைத் தவறவிட்டவர் அவர். அவரை முந்திய அமெரிக்கர் பஸ்டர் கிராப், அடுத்த ஆண்டே ஹொலிவூட்டில் டார்சனாக நடித்துப் பெயர் வாங்கினார். தாரிஸோ அந்த ஒலிம்பிக்கிற்கு முந்திய ஆண்டிலேயே, நீந்தும் முறையை விளக்குகின்ற, ஏறத்தாழப் பத்து நிமிடம் ஓடும் குறும்படமொன்றில் தோன்றியிருந்தார்.

அதை இயக்கியவர் ஜோன் விகோ. ஒளிப்பதிவு பொரிஸ் கௌப்மன். படம்பிடிக்கப்பட்ட பாரிஸ் நீச்சல் தடாகத்தின் சுவரில், நீர்மட்டத்துக்குக் கீழே கண்ணாடிச் சாளரங்கள் இருந்தன. அதனால், கரையில் நிற்பவரின் கண்ணுக்கு எட்டாத அசைவுகளை, கமெராவை நனைக்காமலே பதிவுசெய்ய முடிந்தது. முகம் தண்ணீருக்குள் இருக்கும்போதே தாரிஸ் மூச்சை வெளியே விடுகிறார். குமிழிகள் கன்னத்தை உரசிக்கொண்டு மேலெழுகின்றன.

எங்கள் பக்கத்துப் பிள்ளைகளுக்கு மிகவும் பயன்படக்கூடிய காட்சி இதுதான் என்பேன். தோணியும் வலையும் உள்ள நீரில் பழகியவர்கள் முன்னே பார்த்துக்கொண்டே நீந்துவார்கள். அது அவ்விடத்துக்குத் தேவையான பழக்கம். ஆனால் தலை உயர்ந்தால் இடுப்பும் கால்களும் தாழ்ந்துவிடும். பாதிப் பலம் உடலை மிதக்க வைப்பதிலேயே போய்விடும். மூச்சை அடக்கி வைத்திருந்து, தலையைத் திருப்பிய பின்னரே விடவும் இழுக்கவும் முயல்பவர், சற்றுத் தூரத்திலேயே களைத்துவிடுவார். மாரி வெள்ளம் கலந்து வாவி கலங்கியிருக்கும் நாட்களில், பக்கத்தில் நிற்கும் பயிற்றுநருக்குக்கூட மாணவரின் கை நீருக்குள் என்ன செய்கிறது என்பது தெரியாது.

பாடமாக மட்டும் பார்த்தால் படத்தில் குறையுண்டு. நீச்சலைவிடத் தண்ணீரின் மீதே விகோவுக்கு ஆசை அதிகம். தாரிஸை நீரிலிருந்து பின்னோக்கி எழும்பிக் கரைக்குத் திரும்ப வைக்கிறார். இறுதியில் கோட்டும் தொப்பியும் அணிவித்து நீரின் மேல் நடக்கவும் வைக்கிறார். (இந்தக் குறும்பு எனக்குப் பிடிக்கும், பயிற்றுநர்கள் பொறுத்துக்கொள்வார்களா என்பது வேறு விடயம்.) 1934 இல் வெளிவந்த அவரது 'லத்தலாந்த்' படத்திலும் நீருக்கடியில் ஒரு புகழ்பெற்ற காட்சி வருகிறது. அதே ஆண்டில், 29 ஆவது வயதில், விகோ காலமானார். தாரிஸ் அவ்வாண்டு ஐரோப்பியப் போட்டியில் 400, 1500 மீற்றர் இரண்டிலும் தங்கம் வென்றார்.

நீச்சல் பழகும் பிள்ளைகளுக்கு இதைக் காட்ட விரும்புவோர், பிரெஞ்சு விளக்கத்தின் ஒலியை நிறுத்திவிட்டு, கையும் காலும் மூச்சும் காட்டப்படும் நடுப்பகுதியை மட்டும் நிறுத்தி நிறுத்தித் தமிழில் விளக்கினாற் போதும். நீரின் மேல் நடக்கும் காட்சியைக் கடைசியில் காட்டலாம். எப்படியும் அதைத்தான் திரும்பப் போடச் சொல்லிக் கேட்பார்கள்.