பாண்டிச்சேரியில் ராத்திரி பத்து மணிக்கு மேல் பாட்டுப் போட இடம் தேடிய கதை

தம்பி கல்யாணம், தை மாதம், பாண்டிச்சேரியில். மண்டபம், ஐயர், சமையல், மேளம், போட்டோ எல்லாம் ஒரு தொந்தரவும் இல்லாமல் அமைந்துவிட்டது. ஞாயிறு காலை முகூர்த்தம், அன்று சாயங்காலமே ரிசப்ஷன். அது முடிந்ததும் பெங்களூரிலிருந்தும் சென்னையிலிருந்தும் வரும் அவன் நண்பர்களுக்கு ஒரு ஆஃப்டர் பார்ட்டி வேண்டுமாம். அறுபது பேர், பாட்டு, ஆட்டம், ராத்திரி ஒரு மணி வரைக்குமாவது ஓட வேண்டும். இந்த ஒரு வேலை என் தலையில் விழுந்தது. "கடற்கரை ஊரு, அதுவும் பாண்டி. இதுக்கா இடம் கிடைக்காது?" என்றார் சித்தப்பா.

கிடைத்தது. பத்து மணி வரைக்கும்.

முதலில் பிடித்தது ஒயிட் டவுனில், அதாவது கடலோரப் பழைய பிரெஞ்சுப் பகுதியில், ஒரு மொட்டைமாடி ரெஸ்டாரண்ட். கடல் தெரியும், விளக்குத் தோரணம், போட்டோவில் பார்த்ததுமே தம்பி விழுந்துவிட்டான். போனில் கேட்டதற்கு மேனேஜர், "ரெண்டு மணி வரைக்கும் ஓட்டலாம் மேடம், நாங்க பாத்துக்கறோம்" என்றார். பாதி அட்வான்ஸ் அனுப்பிவிட்டு, ஒரு சனிக்கிழமை ராத்திரி சாப்பிடுகிற சாக்கில் நேரிலேயே போய் உட்கார்ந்தோம். பத்தடிக்கச் சில நிமிஷம் இருக்கும்போதே ஒரு பையன் வந்து சத்தத்தைக் குறைத்தான். பத்துக்கு சுத்தமாக நிறுத்திவிட்டான். ஏன் என்று கேட்டால் எதிர்வீட்டு பால்கனியைக் கண்ணால் காட்டினான். பனியனும் லுங்கியுமாக ஒரு பெரியவர், கையில் போனோடு எங்களையே பார்த்துக்கொண்டு நின்றார். "தாத்தா ஒரு போன் போட்டா ஜீப் வந்துரும்க்கா."

தாத்தா பக்கம்தான் சட்டம். ஒலி மாசு விதிகள் 2000-இல் வந்தவை. இரவு 10 மணியிலிருந்து காலை 6 மணி வரை திறந்த வெளியில் ஒலிபெருக்கி கூடாது. வீடுகள் உள்ள பகுதியில் ராத்திரிக்கு வைத்திருக்கும் அளவு 45 டெசிபல். இரண்டு பேர் சாதாரணமாகப் பேசினாலே அதைத் தாண்டிவிடும். பண்டிகை, கலாச்சார விழா என்றால் வருஷத்தில் 15 நாளுக்கு மிகாமல் 12 மணி வரை அரசு தளர்த்தலாம். நம் வீட்டுக் கல்யாணம் அதில் சேராது. நமக்குப் பொருந்துகிற விலக்கு மூடிய அரங்குக்கு மட்டும்தான், அதுவும் சத்தம் உள்ளே இருப்பவர்களுக்குள் நிற்கிற வரைக்கும். இதெல்லாம் அந்த மேனேஜருக்குத் தெரியாமலா இருக்கும்?

அங்கே இன்னொரு சிக்கலும் இருந்தது. பீச் ரோட்டில் சாயங்காலம் 6 மணிக்குத் தடுப்பு போட்டால் மறுநாள் காலை 7.30 வரை வண்டி போகாது. "வாசல்லயே இறங்கிக்கலாம்" என்று சொல்லியிருந்தார்கள். பட்டுப்புடவையும் ஹை ஹீல்ஸுமாக வருகிறவர்கள் தெருக்கோடியில் இறங்கி நடந்து வர வேண்டும். பாண்டியில் எந்த இடம் பார்த்தாலும் பகலில் போய்ப் பார்க்காதீர்கள். உங்கள் பார்ட்டி நடக்கப்போகிற அதே நேரத்துக்குப் போய் நில்லுங்கள்.

அடுத்தது ஈ.சி.ஆரில் கடலை ஒட்டி ஒரு பங்களா. பக்கத்தில் வீடே கிடையாது, தென்னந்தோப்பு, அந்தப் பக்கம் மணல். விலாசத்தில் பாண்டிச்சேரி என்று போட்டிருந்தது. ஓனர், "ஸ்டேஷன்ல ஒரு லெட்டர் மட்டும் குடுத்துடுங்க" என்றார். லெட்டரை எடுத்துக்கொண்டு பாண்டியில் ஒரு ஸ்டேஷனுக்குப் போனோம். ரைட்டர் எங்களை உட்காரவைத்து, டீ குடித்து முடித்து, லெட்டரைப் பொறுமையாக இரண்டு தரம் படித்துவிட்டு, "இது எங்க லிமிட்லயே வராதும்மா. அது தமிழ்நாடு" என்றார்.

ஊர்க்காரர்களுக்கு இது தெரிந்ததுதான். முத்தியால்பேட்டை தாண்டினால் கோட்டக்குப்பம், அது விழுப்புரம் மாவட்டம். பொம்மையார்பாளையம் வரை தமிழ்நாடு. அதைத் தாண்டிக் காலாப்பட்டு வந்தால் மறுபடியும் புதுச்சேரி. இன்னும் கொஞ்சம் போனால் மறுபடியும் தமிழ்நாடு. ஒரே ரோடு, அரை மணி நேரத்துக்குள் அத்தனை எல்லை. பின்கோடு 605-இல் ஆரம்பிக்கிறதே என்றும் நம்ப வேண்டாம். விழுப்புரம் டவுனுக்கே 605தான். வெளியூரிலிருந்து புக் பண்ணுகிறவர்கள் வாடகை கேட்பதற்கு முன்னால் "எந்த ஸ்டேஷன் லிமிட்?" என்று கேளுங்கள்.

இதில் என்ன வந்துவிட்டது என்றால், சரக்கு. பாண்டியில் வாங்கியதை அந்தப் பங்களாவுக்கு எடுத்துப்போனால் மாநில எல்லை தாண்டிய கடத்தல். செக்போஸ்டில் வண்டியோடு பிடிப்பார்கள். ஓனரோ, "நீங்களே கொண்டாந்துக்கங்க, எல்லாரும் அப்படித்தான் பண்றாங்க" என்கிறார். மாப்பிள்ளையின் நண்பர்கள் கல்யாணத்தன்று ராத்திரி மதுவிலக்கு போலீஸிடம் விளக்கம் சொல்லிக்கொண்டு நிற்கவா? தமிழ்நாட்டில் கல்யாண மண்டபங்களில் பரிமாற சிறப்பு உரிமம் தரலாம் என்று 2023-இல் ஓர் அரசாணை வந்தது. எதிர்ப்பு கிளம்பியதும் மண்டபங்களை அதிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஆகவே அந்த வழியும் இல்லை. தை மாதத்தில் திருவள்ளுவர் தினம், குடியரசு தினம், தைப்பூசத்தன்று வரும் வள்ளலார் நினைவு நாள் என்று தமிழ்நாட்டில் மூன்று நாள் மதுக்கடை மூடல் வேறு. தேதி குறிக்கும்போதே பார்த்துக்கொள்வது நல்லது.

போதாதற்கு ஆமை. ஜனவரியிலிருந்து ஏப்ரல் வரை ஆலிவ் ரிட்லி ஆமைகள் இந்தக் கரையில் ஏறி முட்டையிடும். கரையில் பளிச்சென்று விளக்கு எரிந்தால் குஞ்சுகள் கடலுக்குப் போகாமல் வெளிச்சத்தைப் பார்த்து ஏறி வந்துவிடும். அதனால் மணல் பக்கம் ஃபோகஸ் லைட் போடக் கூடாது என்று தோட்டக்காரர்தான் சொன்னார். ஓனர் அதையும் சொல்லவில்லை. அங்கேயும் பாதி அட்வான்ஸ் போயிருந்தது.

கடைசியில் இடம் அமைந்தது கடலே தெரியாத ஒரு ஹோட்டலில். டவுனுக்குள், பார் லைசென்ஸோடு, முதல் மாடியில் ஒரு மீட்டிங் ஹால். ஜன்னலே இல்லை. பழுப்புக் கார்ப்பெட், வெள்ளை உறை போட்ட நாற்காலிகள், ஏதோ கம்பெனி விற்பனைக் கூட்டத்தின் கணக்கு அழியாமல் இருந்த வெள்ளைப் பலகை. தம்பி முகம் சுருங்கிவிட்டது. நான் சவுண்ட் ஆளை வரவழைத்து ஃபுல்லாக வைக்கச் சொல்லிவிட்டுத் தெருவில் போய் நின்றேன். பாட்டு கேட்கவில்லை, பேஸ் மட்டும் டொம் டொம்மென்று சுவர் வழியாக வந்தது. சப்வூஃபரை எடுக்கச் சொன்னேன். அதற்கப்புறம் தெருவில் ஆட்டோ சத்தம்தான். எத்தனை மணி வரை ஹால், எத்தனை மணி வரை பார், கிச்சன் கடைசி ஆர்டர் எப்போது, போலீஸ் வந்தால் யார் பேசுவது, எல்லாவற்றையும் வாட்ஸ்அப்பில் எழுத்தில் வாங்கினேன். வாய்ப்பேச்சில் எல்லாரும் தாராளம். எழுதக் கேட்டால்தான் இரண்டு மணி பன்னிரண்டரை ஆகிறது. சண்டை போட்டு ஒரு மணியாக்கினேன்.

அன்றைக்கு ரிசப்ஷனில் மொய் வரிசை பத்தரை வரைக்கும் நகரவில்லை. மாப்பிள்ளையும் பெண்ணும் ஹாலுக்கு வரும்போது மணி பதினொன்று, கிச்சன் மூடியாயிற்று. நல்லவேளை, இது தெரிந்தே சாயங்காலமே பரோட்டாவும் சால்னாவும் பார்சலுக்குச் சொல்லி வைத்திருந்தேன். பன்னிரண்டுக்கு ஆடிக் களைத்து வந்தவர்கள் மேஜைமேல் இலையைப் பிரித்துச் சாப்பிட்டதில், கடல் தெரியவில்லை என்று ஒருத்தரும் கேட்கவில்லை. நடுவில் ஒரு ஜீப் வந்து நின்றதாம். வாட்ச்மேனிடம் "என்ன விசேஷம்?" என்று கேட்டு, கொஞ்ச நேரம் காது கொடுத்துவிட்டுப் போய்விட்டார்களாம். எனக்கு மறுநாள்தான் தெரியும். அந்த சப்வூஃபரை எடுக்கச் சொன்னதற்கு ஒரு மாலை போட்டுக்கொள்ளலாம் போல இருந்தது.

பங்களாக்காரர் அட்வான்ஸைத் திருப்பிக் கொடுத்துவிட்டார், "கிளீனிங் சார்ஜ்" என்று கொஞ்சம் பிடித்துக்கொண்டு. யாரும் தங்காத இடத்தில் எதைக் கிளீன் பண்ணினார் என்று தெரியவில்லை. மொட்டைமாடிக்காரர் இன்னும் தரவில்லை. "அடுத்த பங்ஷனுக்கு அட்ஜஸ்ட் பண்ணிக்கலாம் மேடம்" என்கிறார். பத்து மணிக்கு முன்னால் முடிகிற விசேஷமாகப் பார்த்து, சித்தப்பா பேரன் காதுகுத்தை அங்கே வைக்க முடியுமா என்று பேசிக்கொண்டிருக்கிறோம்.