டிஸபிலிட்டி பென்ஷன் மறுக்கப்பட்டால்: ஆயுதப்படைத் தீர்ப்பாயத்துக்குப் போகும் முன்

பணியில் வந்த நோயாலோ காயத்தாலோ ஊனமடைந்த படைவீரருக்கான டிஸபிலிட்டி பென்ஷனை மறுத்து, பணிப் பதிவேடுகளை வைத்திருக்கும் ரெக்கார்ட் ஆபீஸிலிருந்து கடிதம் வந்ததும் அதே கோரிக்கையை மனுமேல் மனுவாக அனுப்பிக்கொண்டிருப்பவர்கள் நிறைய. புதிய மனு போட்டால் காலக்கெடு புதிதாகத் தொடங்காது.

தரைப்படை, கடற்படை, விமானப்படையினருக்கான ஆயுதப்படைத் தீர்ப்பாயம் 2007ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்து 2009இல் செயல்படத் தொடங்கியது. சிஆர்பிஎஃப், பிஎஸ்எஃப், கடலோரக் காவல்படையினர் உயர்நீதிமன்றத்தைத்தான் அணுக வேண்டும். இடமாற்றமும் விடுப்பும் தீர்ப்பாயத்தின் வரம்பில் இல்லை. சம்மரி கோர்ட் மார்ஷல் (சுருக்கமாக நடக்கும் ராணுவ விசாரணை) என்றால், பணிநீக்கமோ மூன்று மாதத்துக்கு மேல் சிறையோ விதித்திருந்தால்தான் இங்கே வரலாம். ஓய்வுபெற்றவர் தான் வசிக்கும் ஊருக்குரிய அமர்விலேயே மனு செய்யலாம். தமிழ்நாட்டுக்குச் சென்னை அமர்வு.

துறைக்குள் இருக்கும் மேல்முறையீட்டை முடிக்காமல் போனால் 2007 சட்டத்தின் 21ஆம் பிரிவைக் காட்டித் திருப்பி அனுப்பிவிடுவார்கள். இறுதி உத்தரவு வந்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் மனு செய்ய வேண்டும். மேல்முறையீட்டுக்குப் பதிலே வரவில்லையா? ஆறு மாதம் காத்திருங்கள். அதற்கடுத்த ஆறு மாதம் உங்களுடையது. ஆகவே ஸ்பீட் போஸ்ட் ரசீதையும் டெலிவரி விவரத்தையும் பத்திரப்படுத்துங்கள். கெடு தாண்டியிருந்தால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவைச் சேர்க்க வேண்டும். பென்ஷன் மாதாமாதம் தொடரும் பாதிப்பு என்பதால் தாமதத்தைப் பெரும்பாலும் மன்னிக்கிறார்கள். ஆனால் தர்செம் சிங் தீர்ப்பின்படி (2008) நிலுவை, மனு போட்ட நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளோடு நின்றுவிடலாம். 2005இல் வெளியே வந்தவர் 2022இல் மனு போட்டால் இடைப்பட்ட பல ஆண்டுப் பணம் போய்விடக்கூடும். தள்ளிப்போடாதீர்கள் என்று திரும்பத் திரும்பச் சொல்வது இதனால்தான்.

வழக்கின் உயிர், வெளியேறும்போது நடந்த மெடிக்கல் போர்டின் அறிக்கையில் இருக்கிறது. கையில் இல்லையென்றால் முதலில் ஆர்டிஐ (தகவல் உரிமை) மனு போட்டு வாங்குங்கள். நோய்க்கும் பணிக்கும் தொடர்புண்டா என்ற கட்டத்தில் "இல்லை" என்றும், பக்கத்தில் "பீஸ் ஸ்டேஷனில் தொடங்கியது" (போர்முனை அல்லாத அமைதியான இடத்தில்) என்று ஒற்றை வரியும் இருக்கும். அதைக் காரணம் என்று ஏற்க முடியாது. சேரும்போது அந்த நோய் பற்றிக் குறிப்பு எதுவும் இல்லையென்றால் அது பணியில் வந்ததாகவே கொள்ள வேண்டும். மறுக்கும் போர்டு காரணம் எழுத வேண்டும் என்று தரம்வீர் சிங் வழக்கில் (2013) உச்சநீதிமன்றம் சொன்னது. ஊனத்தின் சதவீதத்தையும் பாருங்கள்: 20க்குக் குறைந்தால் பொதுவாகக் கிடைக்காது, 20 முதல் 49 வரை 50ஆகக் கணக்கிடப்படும். பணிக்காலம் முடிந்து வந்தவர்களுக்கும் இது உண்டு என்பது ராம் அவதார் வழக்கின் (2014) தீர்ப்பு. 2023 செப்டம்பர் 21க்குப் பின் வெளியே வந்தவர்களுக்குப் புதிய விதிகள். பழைய மனுவை அப்படியே நகலெடுக்காதீர்கள்.

வக்கீல் இல்லாமல் நேரில் வாதாடவும் சட்டம் இடம் தருகிறது. எதிர்த்தரப்பின் பதிலுரை வந்தபின் மறுப்புரை போடாமல் விடுவது பெரிய இழப்பு. போர்டின் மௌனத்தைச் சுட்டிக்காட்ட அதுவே சரியான இடம்.

தோற்றால் உச்சநீதிமன்றம் போவதற்குப் பொது முக்கியத்துவமுள்ள சட்டக் கேள்வி வேண்டும். அனுமதி கேட்டு முப்பது நாளுக்குள் தீர்ப்பாயத்திலேயே மனு செய்ய வேண்டும். தன் 2015 தீர்ப்புக்குப் பின் அடைபட்டதுபோல் இருந்த, உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு போடும் வழியை, பரசோத்தம் தாஸ் வழக்கில் (2023) உச்சநீதிமன்றம் மீண்டும் உறுதிசெய்தது. சாதாரண சிப்பாய்க்கு அந்த வழிதான் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. ஆனால் அங்கே சாட்சியத்தை மறுபடி எடைபோட மாட்டார்கள்.

ஜெயித்தால் சான்றிட்ட நகலை உடனே ரெக்கார்ட் ஆபீஸுக்கு அனுப்புங்கள். உத்தரவில் சொன்ன கெடுவுக்குள் திருத்திய பிபிஓ (பென்ஷன் வழங்கும் உத்தரவு) வரவில்லையென்றால், மறுபடி கடிதம் எழுதிக்கொண்டிருக்காமல் அதே அமர்வில் நிறைவேற்று மனு போட்டுவிடுங்கள்.