ஷூட்டிங் மட்டத்தில் புல் முடிகிற இடம்

ஊட்டியிலிருந்து கூடலூர் பஸ் ஏறினால், ஃபிங்கர்போஸ்ட் தாண்டி மூடிக்கிடக்கும் எச்.பி.எஃப். ஆலை வரும். ஃபிலிம் சுருள் செய்த அரசு ஆலை. அதைக் கடந்து ஒன்பதாவது மைலில், ஷூட்டிங் மட்டத்தில் இறங்குங்கள். மேட்டில் ஏறி, சினிமா டூயட் நினைப்பில் போட்டோ எடுத்ததும் திரும்பிவிடாமல், புல் முடியும் ஓரம்வரை கண்ணை ஓட்டுங்கள்.

அங்கே இறகு மாதிரி இலையோடு நெருங்கி நிற்பது சீகை, அதாவது வாட்டில் என்ற அயல் மரம். பட்டை தோல் பதனிட உதவும் என்று வளர்த்தார்கள். கற்பூர மரம் என்கிற யூகலிப்டஸ், சிறுமுகையில் செயற்கை இழை செய்த விஸ்கோஸ் ஆலைக்குக் கூழாகப் போனது. இவற்றை நட்ட இடம் நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களின் எருமை மேய்ந்த புல்வெளி; அரசுக் கணக்கில் அது வெறும் தரிசு! குந்தா மின்திட்டத்தின் நீர்த்தேக்கங்களும் மேய்ச்சல் நிலத்தை விழுங்கின. அவற்றில் ஒன்றின் பெயரே போர்த்திமந்து. மந்து என்றால் தோடர் குடியிருப்பு.

ஆலைகள் மூடியும் சீகை போகவில்லை. வெட்டினால் தூர் துளிர்க்கும், வேரிலிருந்தும் கன்று கிளம்பும். வேரோடு பெயர்த்தால் மண் கிளறி, பல ஆண்டு உறங்கிய விதை முளைக்கும். தீ இன்னும் மோசம்: சூட்டில் விதையின் கெட்டித் தோல் விரிசல்விட்டு, அடுத்த மழைக்கு அந்த இடமே நாற்றங்கால் ஆகிவிடும். கன்றைச் சிறிசிலேயே கையால் பிடுங்கி, புல் தூரைப் பிரித்து நட்டு, அதே இடத்தை வருஷக்கணக்கில் களையெடுப்பதுதான் வழி. அயல் தாவரங்களை அகற்ற 2022-இல் தமிழக அரசு கொள்கை வெளியிட்டது. மரத்தை மட்டும் ஒரு தடவை வெட்டிவிட்டுப் போவது காசுக்குப் பிடித்த கேடு.

புல்வெளி சுருங்கியதன் விளைவைத் தோடர் கோயிலின் கூரையில் பார்க்கலாம். வளைத்த மூங்கிலைப் பிரம்பால் கட்டி, அரைப்பீப்பாய் வடிவில் எழுப்பி, அடுக்கடுக்காகப் புல் வேய்வார்கள். தவழ்ந்து நுழையும் அளவுக்குத்தான் வாசல். அந்தப் புல் கண்ட இடத்தில் கிடைக்காது. எரியோகிரைசிஸ் ரங்காச்சாரி என்ற, நீலகிரியின் சதுப்புகளில் வளரும் இனம். சதுப்பு வற்றினாலோ மர நிழல் மூடினாலோ அது நிற்காது. வீட்டுக்குத் தகரமோ கான்கிரீட்டோ போட்டுக்கொள்ளலாம். கோயிலுக்குப் புல்தான் வேண்டும், அதைத் தேடித் தொலைவு போகவேண்டும்.

மந்துக்குள் போகுமுன் அங்குள்ள பெரியவரிடம் கேளுங்கள். கோயிலைச் சுற்றிய கல் சுவருக்கு வெளியே நின்றாலே வேய்ந்த விதம் தெரியும்.