ஆச்சியின் அறுபது சென்ட்: ஒரு வக்கீல் குமாஸ்தாவின் நாட்குறிப்பு

ஜூன் 5, 2025

கோடை விடுமுறை முடிந்து வழக்குக் கட்டுகள் மறுபடி நகரத் தொடங்கிவிட்டன. பத்தமடைப் பக்கத்து ஆச்சி காலையிலேயே வந்து உட்கார்ந்துவிட்டாள். அறுபது சென்ட் நஞ்சை, கன்னடியன் கால் பாசனம். கொழுந்தன் மகன் வரப்பை வெட்டித் தன் வயலோடு சேர்க்கப் பார்க்கிறான் என்று 2022 ஏப்ரலில் உறுத்துக்கட்டளை, அதாவது அவனைத் தடுக்கும் உத்தரவு, கேட்டுப் போட்ட வழக்கு. இப்போதுதான் சாட்சி விசாரணைக்கு வந்திருக்கிறது.

"பட்டா இருக்குல்லா எய்யா, பொறவு என்ன?"

எல்லாருக்கும் அந்த நினைப்புதான். பாகப்பிரிவினைப் பத்திரத்தில் ஆச்சியின் புருஷன் பங்கு தெளிவாக இருக்கிறது. ஆனால் பட்டா யு.டி.ஆர் (நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த திட்டம்) காலத்துக் கூட்டுப் பட்டா, இன்னும் உட்பிரிவு ஆகி அவரவர் பங்குக்குத் தனி எண் வரவில்லை. அதே பட்டாவைக் காட்டி எதிராளியும் பேசுவான். பத்திரம் ஒரு பக்கம் இருக்கட்டும். வழக்குப் போட்ட அன்றைக்கு வயல் யார் சுவாதீனத்தில், யார் கைவசத்தில் இருந்தது என்பதை நாங்கள் காட்டியாக வேண்டும்.

ஜூன் 11

ஆச்சி இன்னொரு மஞ்சப்பை கொண்டுவந்தாள். இத்தனை நாள் அரிசிப் பானைக்குப் பின்னால் கிடந்ததாம். கல்யாணப் பத்திரிகை, கேஸ் புத்தகம், ரேஷன் கார்டு நகல். அவற்றுக்கு நடுவே தீர்வை ரசீதுகளும், கூட்டுறவுச் சங்கத்தில் பயிர்க்கடன் கட்டிய ரசீதுகளும். ஒன்றில் வெற்றிலைக் கறை. இன்னொன்று நாலாக மடித்து மடித்து, மடிப்பில் சர்வே நம்பரின் கடைசி எண் தேய்ந்துபோயிருக்கிறது. ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். 4 மாதிரியும் தெரிகிறது, 9 மாதிரியும் தெரிகிறது. அதை விட்டுவிடச் சொன்னார் வக்கீல் சார். மற்றவற்றுக்குக் கூடுதல் ஆவணம் ஏற்கும் மனு தயார்.

ஜூன் 18

மனு அனுமதியாகிவிட்டது. எந்த வயலில் யார் பயிர் வைத்தார் என்று வருவாய்த் துறை எழுதும் கணக்கான அடங்கலின் நகலும் கைக்கு வந்தது. பசலி என்பது ஜூலை முதல் ஜூன் வரையான வருவாய்க் கணக்கு வருஷம்; பசலி 1429, 1430, 1431 மூன்றிலும் சாகுபடி ஆச்சி பேரில். 1432-இல் மட்டும் கொழுந்தன் மகன் பேர். பசலி 1432 என்றால் 2022 ஜூலையில் தொடங்குவது. அதாவது வழக்குப் போட்டபின். எதிராளி பெரிதாகக் காட்டுவது இதைத்தான். தகராறு முளைத்தபின் பிறந்த காகிதத்தை எந்தக் கோர்ட்டும் சந்தேகத்தோடுதான் பார்க்கும். வயலை எட்டிப் பார்க்காமல் டீக்கடை பெஞ்சில் எழுதிய அடங்கல்கள் எத்தனையோ என் கையில் வந்துபோயிருக்கின்றன.

ஜூன் 26

இன்று நீர்ப்பாய்ச்சி சாட்சி. எழுபது வயசு, துண்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கூண்டில் ஏறினார். எதிர்த்தரப்பு வக்கீல் குறுக்கு விசாரணையில், "வயல் யாரோடதுன்னு ஒமக்கு எப்படித் தெரியும்? பத்திரம் பாத்தீரா?" என்று மடக்கினார்.

"பத்திரம் நான் என்னத்தக் கண்டேன்யா. பிசான நெல்லுக்கும் கார் நெல்லுக்கும் மடை தொறந்து விடுதேன். அறுப்பு முடிஞ்சா ஆச்சிதான் எனக்கு நெல்லு அளந்து தாராவ. ஒரு வருசம் ரெண்டு மரக்கா கொறச்சிட்டாவ, சண்டை போட்டுத்தான் வாங்குனேன்."

கோர்ட்டே சிரித்துவிட்டது. ஆச்சிக்கு மட்டும் கோபம். எனக்கோ அந்த ரெண்டு மரக்கால் ரசீதுக்கட்டைவிடக் கனமாகத் தெரிந்தது. சொல்லிக்கொடுத்த சாட்சி தன் கூலிச் சண்டையையா சொல்வான்?

முன்பு கோர்ட் அனுப்பிய வக்கீல் கமிஷனர் வயலைப் போய்ப் பார்த்து எழுதிய அறிக்கையும் வழக்குக் கட்டில் இருக்கிறது. வரப்பு, மடை, நிற்கும் பயிர் எல்லாம் எழுதியிருக்கிறார். யார் சுவாதீனம் என்று எழுத அவருக்கு அதிகாரம் இல்லை. அதைச் சாட்சியம் பார்த்துக் கோர்ட்தான் முடிவு செய்ய வேண்டும்.

ஜூலை 8

கொழுந்தன் மகன் கூண்டில். பெரியப்பா காலத்திலேயே வாய்மொழியாகப் பரிவர்த்தனை (நிலத்துக்கு நிலம் மாற்று) செய்துகொண்டோம், 15 வருஷமாக நான்தான் பயிர் வைக்கிறேன், எதிரிடை அனுபோகத்திலும் எனக்குப் பாத்தியம் உண்டு என்பது அவன் எதிர்வழக்குரை. எதிரிடை அனுபோகம் என்றால் அடுத்தவர் நிலத்தை அவருக்கு எதிராக 12 வருஷம் பகிரங்கமாகத் தொடர்ந்து அனுபவித்து உரிமை கேட்பது. நூறு ரூபாய்க்கு மேல் பெறுமான நிலத்தைப் பதிவுப் பத்திரம் இல்லாமல் பரிவர்த்தனை செய்ய முடியாது. அதில் சார் நேரத்தைச் செலவழிக்கவில்லை. நேராக இதைக் கேட்டார்:

"பரிவர்த்தனையில வந்ததுன்னா நிலம் ஒங்களோடது. அப்போ யாருக்கு எதிரிடையா 12 வருஷம் அனுபவிச்சீங்க?"

அவன் தன் வக்கீலைப் பார்த்தான். வக்கீல் கட்டைப் புரட்டிக்கொண்டிருந்தார். "பெரியம்மைக்கு எதிரா" என்று கடைசியில் வாயில் வந்தது. அப்படியானால் நிலம் பெரியம்மையுடையது என்று ஆகிறது. ஆட்சேபணை எழுவதற்குள் பதிவாகிவிட்டது.

வாதத்துக்கு 22-ஆம் தேதி வாய்தா. படியிறங்கும்போது ஆச்சி கேட்டாள்: "ஜெயிச்சிட்டா பட்டாவுல அவன் பேரை எடுத்துருவாவளா?"

அதற்குத் தாலுகா ஆபீஸில் உட்பிரிவுக்குத் தனி மனு, சர்வேயர் வந்து அளக்க வேண்டும் என்றேன்.

"அப்போ அந்தப் பையையும் பத்திரமா வச்சிரு எய்யா" என்று என்னிடமே கொடுத்துவிட்டு பஸ்ஸுக்குப் போய்விட்டாள்.