கரண்ட் களவுப் பில்லும் நான் கொண்டுபோன இந்தியச் சட்டமும்

2023 மார்ச்சில் ஒருநாள் மின்சார சபையிலிருந்து மூன்று பேர் வந்து, சீல் உடைந்திருக்கிறது என்று சொல்லி மீற்றரைக் கழற்றிக்கொண்டு போனார்கள். யாழ்ப்பாணத்தில் கொக்குவிலில் உள்ள சித்தப்பாவின் வீடு அது. அவர் கனடாவில். வாடகைக்கு இருந்தவர்கள் முந்தைய ஒக்ரோபரில் எழும்பிப் போன பிறகு பூட்டியே கிடந்தது, திறப்பு என்னிடம். மாதம் 140 யூனிற் ஓடிய மீற்றர் 6, 7 என்று காட்டினால் சந்தேகம் வரத்தான் செய்யும். பூட்டின வீடு என்று சொல்லிப் பார்த்தேன், யாரும் எழுதிக்கொள்ளவில்லை. இரண்டு கிழமையில் 184,000 ரூபாய் கட்டச் சொல்லிக் கடிதம் வந்தது, 1993 இல் காலமான அப்பப்பாவின் பெயருக்கு. ஊரே கரண்ட் இல்லாமல் ஜாம் போத்தல் விளக்கில் இருந்த காலத்தில் போய்ச்சேர்ந்த மனிசனில் கரண்ட் களவு!

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன். அன்று வந்தவர்கள் நீட்டிய தாள் சிங்களத்தில் இருந்தது. "சும்மா சைன் தான் தம்பி" என்றார்கள். நான் பேனையை எடுத்துவிட்டேன். பக்கத்து வீட்டு ரீச்சர்தான் மதிலுக்கு அங்கால் நின்று சத்தம் போட்டுத் தடுத்தார். வடக்கு கிழக்கில் தமிழும் நிர்வாக மொழி, அரசியலமைப்பிலேயே இருக்கிறது. தமிழில் தாருங்கள் என்று கேளுங்கள். விளங்காத தாளில் கையெழுத்து வைத்தால் பிறகு அதுவே ஒப்புதல் என்று நிற்கும்.

அன்றிரவு இணையத்தில் தேடினேன். தமிழில் கிடைத்ததெல்லாம் ஒரே பாட்டு: மின் திருட்டில் சிவில் நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை, 126 ஆம் பிரிவில் மதிப்பீடு, 127 இல் மேன்முறையீடு, 135 இல் திருட்டுக் குற்றம், 145 சிவில் வழக்குக்குத் தடை. மேன்முறையீடு செய்ய 30 நாள்தான், அதுவும் கேட்ட தொகையில் பாதியைக் கட்டினால்தான். விடியமுன் சித்தப்பாவுக்குக் கோல் அடித்து 92,000 உடனே அனுப்பச் சொன்னேன். வாயில் வந்ததெல்லாம் சொல்லி ஏசினார். காசு வரவில்லை. நல்லதாய்ப் போயிற்று.

22 பக்கம் பிரிண்ட் எடுத்துக்கொண்டு சட்டத்தரணியிடம் போய் இரண்டு மணித்தியாலம் காத்திருந்தேன். அவர் முதல் பக்கத்திலேயே சிரித்துவிட்டார். "தம்பி, இது இந்தியாவின்ர 2003 ஆம் ஆண்டுச் சட்டம். உந்த 145 உம்மைத் தடுக்கவும் மாட்டுது, காப்பாத்தவும் மாட்டுது."

அவர் சொன்னதில் எனக்கு விளங்கியது இதுதான். இங்கே களவு என்று வழக்கு வைத்தால் அது நீதவான் நீதிமன்றத்துக்குப் போகும். குற்றத்தை ஏற்றுக்கொண்டால் தண்டப்பணத்தோடு நட்டத்தையும் சேர்த்துக் கட்டச் சொல்வார்கள். 'ஓம் என்று சொல்லி முடித்துவிடு' என்று ஆலோசனை சொல்ல ஊரில் ஆளுக்குப் பஞ்சமில்லை. எனக்கு வந்ததோ வெறும் பில், வழக்கு இல்லை. மாவட்ட நீதிமன்றத்தில் சிவில் வழக்குப் போடலாம்தான், ஆனால் தவணை தவணையாக வருசக்கணக்கில் இழுபடும். முதலில் மின்சார சபைக் கந்தோருக்கு எழுத்தில் ஆட்சேபனை, அதற்கும் மசியாவிட்டால் மின்சாரத்துறையை மேற்பார்க்கும் பொதுப் பயன்பாடுகள் ஆணைக்குழு. அது 2002 இன் 35 ஆம் இலக்கச் சட்டத்தில் உருவானது. அப்போது நடைமுறையில் இருந்தது 2009 இன் 20 ஆம் இலக்க மின்சாரச் சட்டம். 2024 இல் 36 ஆம் இலக்கப் புதுச் சட்டம் வந்திருக்கிறது, ஆகவே பிரிவு இலக்கங்களை என்னிடம் கேட்காதீர்கள்.

எழுத்தில் கொடுக்கலாம் என்று கந்தோருக்குப் போனேன்.

"கணக்கு ஆரின்ர பேரில?"

"அப்பப்பாவின்ர."

"அப்ப அவரைக் கூட்டிக்கொண்டு வாங்கோ."

பகிடி இல்லை, நிமிர்ந்தும் பார்க்காமல் சொன்னார். செத்துவிட்டார் என்றதும் மரணச் சான்றிதழ் கேட்டார். அது 1995 இடப்பெயர்வில் போன பெட்டியோடு போனது. பிரதேச செயலகத்தில் பிரதி எடுத்தேன், அது சுகமாக முடிந்தது. அடுத்த முறை காணி உறுதிப் பத்திரம் கேட்டார். அதற்கடுத்த முறை அற்றோணி, அதாவது சித்தப்பாவுக்காக நான் அலுவல் பார்க்கலாம் என்ற அதிகாரப் பத்திரம். இருந்த அற்றோணி காணி விற்பதற்கு மட்டும் எழுதியது, கரண்ட் அலுவலுக்கு உதவாதாம். புதிதாக எழுதிக் கனடாவிலிருந்து வர ஒரு மாதம். ஒரு கடிதத்தைக் கையளிக்க ஐந்து தரம் போயிருக்கிறேன். கடைசியில் பிரதியில் திகதியோடு ரப்பர் முத்திரை குத்தாமல் நகரமாட்டேன் என்று நின்றேன். அந்த முத்திரை பிறகு உதவியது.

என்னைக் காப்பாற்றியது தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2016 இன் 12 ஆம் இலக்கம். மூன்று வருச மாத வாசிப்புகள், மீற்றர் சோதனை அறிக்கை, பழைய மீற்றர் மாற்றிய பதிவு மூன்றையும் கேட்டேன். தருவதா இல்லையா என்று 14 வேலை நாளுக்குள் அவர்கள் முடிவு சொல்ல வேண்டும். பதினோராம் நாள் வந்தது. மீற்றர் சரியாகவே ஓடியிருக்கிறது! 2021 இல் அவர்களே மீற்றர் மாற்றியபோது சீல் இலக்கம் எழுதும் கட்டம் வெறுமையாக இருந்தது. வாசிப்பு விழுந்ததும் வாடகைக்காரர் போன அதே மாதம்தான்.

எல்லாவற்றையும் இணைத்து ஆணைக்குழுவுக்குப் பதிவுத் தபாலில் அனுப்பினேன், பிரதி கந்தோருக்கு. ஐந்து கிழமையில் அந்தத் தொகை நீக்கப்பட்டதாகக் கடிதம் வந்தது. மன்னிப்பு என்ற சொல்லை அதில் தேடவேண்டாம்.

புது மீற்றர் பூட்டிய அன்று சீலும் மீற்றர் இலக்கமும் ஒன்றாகத் தெரியும்படி நாலு படம் எடுத்தேன். பூட்டியவருக்குக் கோபம். ஆனாலும் எடுக்கட்டும் என்று நின்றார்.

பெயர் மாற்றம் மட்டும் பாக்கி. உறுதி சித்தப்பாவின் பெயரில் இருப்பதால் அவரே நேரில் வந்து கையெழுத்து வைத்தால் சுகமாம். நல்லூர்த் திருவிழாவுக்கு வருகிறேன் என்று இரண்டு வருசமாகச் சொல்கிறார். போன மாத பில்லும் அப்பப்பாவுக்குத்தான் வந்தது.