640-வது மீட்டரில் மாட்டிக்கொண்ட ஆரஞ்சு இழை

தாம்பரத்துக்குப் பக்கத்தில் ஒரு கல்லூரியில் நெட்வொர்க் என் பொறுப்பு. மெயின் பிளாக்கில் சர்வர் ரூம், வளாகத்தின் கடைசி மூலையில் மாணவியர் விடுதி. இரண்டையும் இணைப்பது மண்ணுக்கடியில் டக்ட் வழியாக ஓடும் 6 கோர் ஆர்மர்டு ஃபைபர் கேபிள் (உள்ளே ஆறு கண்ணாடி இழைகள், மேலே உலோகக் கவசம்), சுமார் 1,100 மீட்டர். போன வருடம் அக்டோபர் கடைசியில் மழை பிடித்ததுமே விடுதியில் நெட் விட்டுவிட்டு வர ஆரம்பித்தது. மழை வலுத்தால் போகும், வெயில் அடித்தால் திரும்ப வரும். பிள்ளைகளுக்குச் செமஸ்டர் தேர்வு நேரம் வேறு. வார்டன் அம்மா இரவு பத்து மணிக்குக் கூப்பிடுவார்: "சார், மறுபடியும் போயிடுச்சு."

முதல் பத்து நாள் நான் செய்ததெல்லாம் மாற்றுவது மட்டும்தான். பேட்ச் கார்டை (ஸ்விட்சுக்குப் போகும் குட்டி ஃபைபர் கேபிள்) மாற்றினேன், ஸ்விட்ச் போர்ட்டை மாற்றினேன், இரண்டு பக்கமும் ஸ்டோரில் இருந்த புது எஸ்எஃப்பி மாட்யூல்களைப் (சிக்னலை ஒளியாக்கி அனுப்பும், வரும் ஒளியைத் திரும்பச் சிக்னலாக்கும் சிறு பாகம்) போட்டேன். ஒவ்வொன்றை மாற்றியதும் ஒரு நாள் வெயில் வரும், லிங்க் நிற்கும், சரியாகிவிட்டது என்று நினைப்பேன். அடுத்த மழைக்குப் பழைய கதை. வானிலைதான் என்னை ஏமாற்றிக்கொண்டிருந்தது.

பதினோராவது நாள்தான் செய்திருக்க வேண்டிய முதல் வேலையைச் செய்தேன். ஸ்விட்சுக்குள் போய் மாட்யூலின் ஒளி அளவைப் பார்த்தேன். இன்றைய மாட்யூல்கள் பெரும்பாலும் எவ்வளவு ஒளி அனுப்புகிறோம், எவ்வளவு வந்து சேர்கிறது என்பதைத் தாங்களே அளந்து சொல்லும். எங்களுடையது 1310 நானோமீட்டர் அலைநீள ஒளியில் வேலை செய்யும் எல்எக்ஸ் என்ற 1 ஜி வகை மாட்யூல். போவதற்கு ஓர் இழை, வருவதற்கு ஓர் இழை. விடுதியிலிருந்து மெயின் பிளாக்குக்கு வரும் ஒளி -7 டிபிஎம் (ஒளியின் வலிமைக்கான அலகு, மைனஸ் கூடக் கூட ஒளி குறைவு), அருமையான அளவு. மெயின் பிளாக்கிலிருந்து விடுதிக்குப் போய்ச் சேர்வது -17. இந்த வகை மாட்யூல் -19 வரைக்கும்தான் கண் தெரிந்து வேலை செய்யும். அதாவது வெயில் நாளிலேயே லிங்க் பள்ளத்தின் விளிம்பில் நின்றுகொண்டிருந்தது. அன்று மாலை நல்ல மழை. பார்த்துக்கொண்டிருக்கும்போதே -18, -19, -20.6 என்று இறங்கி லிங்க் விழுந்தது.

3 டிபி குறைந்தால் ஒளி பாதியாகிவிட்டது என்று பொருள், 10 டிபி என்றால் பத்தில் ஒரு பங்குதான் மிச்சம். நல்ல சிங்கிள்மோட் இழையில் 1310-ல் ஒரு கிலோமீட்டருக்கு 0.35 டிபி அளவில்தான் இழப்பு இருக்கும். அந்தக் கணக்கில் 10 டிபி என்பது தாம்பரத்திலிருந்து பீச் ஸ்டேஷன் வரை இழையை இழுத்தால் வரும் இழப்பு. அது எங்கள் வளாகத்துக்குள்ளேயே ஏதோ ஓர் இடத்தில் போய்க்கொண்டிருந்தது. மாட்யூலையும் போர்ட்டையும் ஏற்கெனவே மாற்றிப் பார்த்துவிட்டதால், குற்றவாளி இரண்டு இழைகளில் ஒன்றுதான் என்பது தெளிவாகிவிட்டது.

6 கோர் இருக்கிறதே, இன்னொரு கோருக்கு மாற்றிவிடலாம் என்று கேபிள் வந்து முடியும் எல்ஐயு பெட்டியைத் திறந்தேன். நீல இழையும் ஆரஞ்சு இழையும் மட்டும் ஸ்ப்ளைஸ் செய்யப்பட்டிருந்தன, அதாவது உருக்கி ஒட்டி இணைக்கப்பட்டிருந்தன. பச்சை, பழுப்பு, சாம்பல், வெள்ளை நான்கும் வெறுமனே சுருட்டி ஒட்டப்பட்டிருந்தன. கேபிள் போட்டவர்கள் அன்றைக்கு ஸ்ப்ளைஸ் செலவை மிச்சம் பிடித்திருக்கிறார்கள். இது ரொம்பத் தப்பான சிக்கனம். கேபிளும் பள்ளம் தோண்டுவதும்தான் பெரிய செலவு. அதைச் செய்துவிட்டு மீதி நான்கு இழையைச் சும்மா புதைத்து வைப்பதில் என்ன லாபம்?

தேர்வு முடியும் வரை தள்ள ஒரு வழி தேவைப்பட்டது. இருக்கிற ஒரே நல்ல இழையில் போவதும் வருவதும் நடக்க வேண்டும் என்றால் பைடி (இருதிசை) மாட்யூல்தான் வழி. மீனம்பாக்கத்தில் மெட்ரோ ஏறி அரசினர் தோட்டத்தில் இறங்கி எலக்ட்ரானிக்ஸ் கடைகள் நிறைந்த ரிச்சி தெருவுக்கு நடந்தேன். கடைக்காரர் கேட்ட முதல் கேள்வி, "எந்த ஸ்விட்ச் சார்?" சில கம்பெனி ஸ்விட்சுகள் தங்கள் கோடிங் இல்லாத மாட்யூலைச் செருகினால் போர்ட்டையே மூடிவிடும் என்பதால் அதைக் கேட்காமல் கொடுக்கவே கூடாது. பேட்ச் கார்டு எடுக்கும்போது பச்சைத் தலை (கனெக்டர்) உள்ள ஒன்று கைக்கு வந்தது, அதை அவரே வாங்கி வைத்துவிட்டு நீலத் தலையை எடுத்துக் கொடுத்தார். வீட்டு ஃபைபர் இணைப்புகளில் வரும் பச்சைத் தலையின் முகம் 8 டிகிரி சாய்வாகத் தேய்த்திருக்கும். அதை நீலத்தோடு சேர்த்தால் இரண்டும் ஒட்டாது, ஒளி நடுவில் சிதறிப் போகும்.

அன்று இரவு மாட்யூல்களைப் போட்டேன், லிங்க் விளக்கு எரியவில்லை. லேபிளைப் பார்த்தால் இரண்டிலும் டிஎக்ஸ் (அனுப்புவது) 1310, ஆர்எக்ஸ் (வாங்குவது) 1550. பைடி என்பது ஜோடி: ஒன்று 1310-ல் அனுப்பி 1550-ல் வாங்க வேண்டும், மற்றது அதற்கு நேர் எதிர். நான் "இரண்டு" என்று கேட்டிருந்தேன், "ஒரு ஜோடி" என்று கேட்டிருக்க வேண்டும். மறுநாள் கடைக்காரர் முகம் சுளிக்காமல் மாற்றிக் கொடுத்தார். மத்தியானம் விடுதிக்கு நெட் வந்துவிட்டது.

அத்தோடு விட்டுவிடலாம் என்றுதான் அலுவலகத்தில் சொன்னார்கள். எனக்கு மனசு ஒப்பவில்லை. மழையில் ஒரு இழையை நசுக்குவது எதுவாக இருந்தாலும் நாளைக்கு நீல இழையையும் நசுக்கும். எங்கே என்று தெரிய, இழையில் கோளாறு எத்தனை மீட்டரில் என்று காட்டும் ஓடிடிஆர் கருவி வேண்டும். நல்ல கருவி வாங்க லட்சக்கணக்கில் ஆகும், எங்களைப் போன்ற இடத்துக்குத் தேவையும் இல்லை. கருவியோடு ஆளை ஒரு நாள் கூலிக்குக் கூப்பிடுவதுதான் வழி. அதற்கு அனுமதி வாங்க ஒரு வாரம் ஆனது.

வந்த தம்பி வண்டியின் முன்னால் ஸ்ப்ளைசர் பெட்டி, தோளில் ஓடிடிஆர். முதலில் அவர் கருவியைச் செருகவில்லை. கனெக்டர் முகத்தை ஸ்கோப் என்ற நுண்ணோக்கியில் காட்டினார். நடுவில் கரும்பொட்டு. "இதோட செருகுனா அந்த அழுக்கு கண்ணாடியில அழுந்தி பள்ளம் விழுந்துடும் சார்" என்றார். இழையின் நடுவே ஒளி போகும் பகுதி 9 மைக்ரான்தான், கண்ணுக்குத் தெரியாத ஒரு தூசி போதும் அதை மறைக்க. கிளீனரால் ஒரு கிளிக், மறுபடி ஸ்கோப், சுத்தம். ஃபைபர் முனையை நேராகக் கண்ணருகே கொண்டுபோய்ப் பார்க்கக் கூடாது என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். அந்த ஒளி கண்ணுக்குத் தெரியாது, ஆனால் கண்ணைக் கெடுக்கலாம்.

ஓடிடிஆர் ஒளித்துடிப்பை அனுப்பி, இழை நெடுக இருந்து திரும்பிச் சிதறி வரும் ஒளியின் நேரத்தை வைத்துத் தூரத்தைக் கணக்கிடும். கருவிக்கு மிக அருகில் இருப்பது அதற்குத் தெரியாது என்பதால் நடுவில் ஒரு லாஞ்ச் கேபிள் சுருள் போட்டார். திரையில் நீல இழையின் கோடு சரிவாக அமைதியாகப் போனது. ஆரஞ்சில், லாஞ்ச் கேபிளைக் கழித்து 640-வது மீட்டரில் ஒரு செங்குத்துப் படி: 1310-ல் கிட்டத்தட்ட 10 டிபி. 1550-க்கு மாற்றினார், கோடு அங்கேயே இரைச்சலுக்குள் விழுந்துவிட்டது. "வளைஞ்சிருக்கு சார், உடையல. 1550 வளைவைத் தாங்காது, 1310 கொஞ்சம் தாங்கும்." ஒரே படத்தில் இடமும் காரணமும் கிடைத்துவிட்டன. பத்து நாள் மாற்றிக்கொண்டிருந்த எனக்கு அதைப் பார்க்கக் கண் நிறைந்தது.

640 மீட்டர் என்பது தரையில் 640 மீட்டர் இல்லை. வழியில் உள்ள ஒவ்வொரு சேம்பரிலும் (மூடி போட்ட குழித்தொட்டி) பத்து பதினைந்து மீட்டர் கேபிளைச் சுருட்டி வைத்திருப்பார்கள். இதற்கும் தம்பியிடம் வழி இருந்தது. கேபிள் உறை மேல் மீட்டருக்கு ஒரு எண் அச்சிட்டிருக்கும். சர்வர் ரூமில் கேபிள் நுழையும் இடத்தில் 1204 என்று இருந்தது. அப்படியானால் 1844-க்குச் சற்று முன்னால் தேட வேண்டும், ஏனென்றால் கேபிளுக்குள் இருக்கும் சிறு குழாயில் இழை கொஞ்சம் தளர்வாக இருப்பதால் அது உறையைவிட நீளம். நான்காவது சேம்பர் மூடியைத் திறந்து, தண்ணீரை வாளியால் இறைத்து, சேற்றைத் துடைத்துப் பார்த்தோம். ஜாயின்ட் குளோஷருக்குள் (இணைப்பை மூடிக் காக்கும் பெட்டி) நுழையும் இடத்தில் 1838. அங்கேதான் இரண்டு கேபிள் துண்டுகள் சேர்கின்றன. காவலுக்கு இருந்த பெரியவர் எட்டிப் பார்த்துவிட்டு, "வடிகால் தோண்டினப்போ இந்த மூடி மேலதான் சார் ஜேசிபி ஏறிச்சு" என்றார்.

குளோஷரின் ரப்பர் வளையம் ஒரு பக்கம் பிதுங்கியிருந்தது, உள்ளே தண்ணீர். தம்பி சர்வர் ரூமில் ஆரஞ்சு இழையில் சிவப்பு லேசர் பேனாவைச் செருகிவிட்டு வந்து, இழைகளை அடுக்கி வைத்திருக்கும் டிரேயின் மூடியை லேசாகத் தூக்கினார். நிழலுக்காக நான் குடையைப் பிடித்தேன். ஆரஞ்சு இழை தன் பள்ளத்திலிருந்து வெளியே வந்து மூடியின் விளிம்பில் மாட்டிக்கொண்டிருந்தது, சரியாக அந்த வளைவில் மட்டும் குங்குமப் பொட்டு போலச் சிவப்பு ஒளி கசிந்துகொண்டிருந்தது. மழையில் சேறும் தண்ணீரும் குளோஷரை அழுத்த அழுத்த மூடி இன்னும் கொஞ்சம் இறங்கியிருக்கிறது. என் மூன்று வாரத் தூக்கம் போனது அந்தப் பொட்டு வழியாகத்தான்.

எடுத்துவிட்டாலே ஒளி வந்துவிடும். ஆனாலும் நசுங்கிய இடத்தை நம்பக் கூடாது என்று தம்பி வெட்டினார். நான் ஆறு கோரையும் முடித்துவிடச் சொன்னேன். ஒவ்வொன்றுக்கும் முதலில் காப்பு ஸ்லீவைக் கோர்ப்பது, மேல்பூச்சை உரிப்பது, ஸ்பிரிட் தொட்ட துணியால் துடைப்பது (துணியில் அது கீச்சென்று சத்தம் போட வேண்டும்), கிளீவரில் வெட்டுவது. பிறகு ஸ்ப்ளைசர் திரையில் இரண்டு முனைகளும் ஒன்றையொன்று தேடி வந்து நிற்க, ஒரு மின்பொறி, ஒரே இழை. 125 மைக்ரான் கண்ணாடி. 2020 ஆகஸ்டில் தொடங்கிவைத்த சென்னை–அந்தமான் கேபிளில் சுமார் 2,300 கிலோமீட்டர் கடலுக்கடியில் ஓடுவதும் இதே தடிமன்தான். திரையில் 0.02, 0.01 என்று இழப்பு காட்டியது. வெட்டிய துணுக்குகளை ஒன்றுவிடாமல் டேப்பில் ஒட்டி டப்பாவில் போட்டார். விரலில் ஏறினால் எடுப்பது கஷ்டம்.

புது ரப்பர் வளையம் போட்டுக் குளோஷரைத் தரையில் கிடத்தாமல் சேம்பர் சுவரில் உயரமாக மாட்டினோம். மறுபடி ஆறு இழைகளுக்கும் ஓடிடிஆர் எடுத்து, பழைய எல்எக்ஸ் மாட்யூல்களைத் திரும்பப் போட்டேன். இரண்டு திசையிலும் -7. அந்த எண்களையும் தேதியையும் நான்காவது சேம்பரின் உறை எண்ணையும் ஒரு தாளில் எழுதி எல்ஐயு கதவின் உட்புறம் ஒட்டினேன். கேபிள் போட்ட அன்றே யாராவது இப்படி ஒட்டியிருந்தால் இந்த வேலை ஒரே நாளில் முடிந்திருக்கும்.

டிசம்பரில் இரண்டு நாள் விடாத மழை. இரவு 11 மணிக்கு வீட்டிலிருந்து பார்த்தேன், -7.0. விடியற்காலை 4 மணிக்கு எழுந்து பார்த்தேன், -7.0. காலையில் நானே வார்டன் அம்மாவைக் கூப்பிட்டு நெட் எப்படி இருக்கிறது என்று கேட்டேன்.

"நல்லாத்தானே சார் இருக்கு. ஏன், ஏதாவது வேலை பண்றீங்களா?"